படத்தை வைத்து மிரட்டினால்: பிளொக் பண்ணுவது கடைசி வேலை

தனிப்பட்ட படத்தைப் பரப்புவேன் என்று ஒரு பிள்ளையை ஒருவன் வெருட்டினால், கூட இருப்பவர்கள் முதலில் சொல்வது "எல்லாத்தையும் அழிச்சுப்போட்டு பிளொக் பண்ணு" என்பதுதான். செய்தால் பொலிஸில் காட்ட ஒன்றும் மிஞ்சாது. காசும் கொடுக்க வேண்டாம், திரும்பவும் கேட்பான்.

1. சாட்சி

ஸ்கிரீன்ஷொட் மட்டும் காணாது. பேஸ்புக்கில் பெயரையும் படத்தையும் அவன் மாற்றிவிடலாம். புரொபைலில் மூன்று புள்ளியைத் தொட்டு லிங்கைக் கொப்பி பண்ணி, திகதி, நேரத்தோடு எழுதி வையுங்கள். வாட்ஸ்அப்பில் மேலே உள்ள பெயரைத் தொட்டால் இலக்கம் வரும். அந்தப் பக்கத்தையும் எடுக்க வேண்டும். மறையும் செய்திகள் போடப்பட்டிருந்தால் 24 மணி நேரத்திலேயே உரையாடல் போய்விடலாம், ஆகவே நாளைக்கு என்று விடாதீர்கள்.

18 வயதுக்குக் கீழ்ப்பட்டவரின் அந்தரங்கப் படத்தை மட்டும் "ஆதாரம்" என்று ஆசிரியருக்கோ அண்ணாவுக்கோ அனுப்பக் கூடாது. மிரட்டல் செய்தியும் லிங்கும் போதும்.

2. பிரிண்ட்

பொலிஸில் காட்ட ஸ்கிரீன்ஷொட்டை பிரிண்ட் எடுக்கும்போதுதான் பலர் சறுக்குவார்கள். கொமினிகேஷன் கடைக்காரரின் வாட்ஸ்அப்புக்கு அனுப்பினால் எல்லாம் அவருடைய போனில் தங்கிவிடும். கடைக் கணினியில் வாட்ஸ்அப் வெப் திறந்துவிட்டு அப்படியே வந்தால் இன்னும் மோசம்: அடுத்து உட்காருபவர் உரையாடலை வாசிப்பார். பென்டிரைவில் கொண்டுபோங்கள், கணினியில் கொப்பி பண்ண விடாதீர்கள். வீட்டுக்கு வந்ததும் வாட்ஸ்அப்பில் "இணைக்கப்பட்ட சாதனங்கள்" பார்த்து, தெரியாதது இருந்தால் வெளியேற்றுங்கள். இருபடிச் சரிபார்ப்புக்கு 6 இலக்கப் பின் போடுங்கள். பிறந்த திகதி வேண்டாம், வகுப்பில் எல்லாருக்கும் தெரியும்.

3. பரவாமல் தடுக்க

அந்தரங்கப் படம் இணையத்தில் பரவாமல் தடுக்க உதவும் இரண்டு இணையத்தளங்கள் உண்டு: படம் எடுத்தபோது வயது 18க்குக் கீழ் என்றால் டேக் இட் டவுன் (Take It Down), 18 அல்லது மேல் என்றால் ஸ்டொப்என்சிஐஐ (StopNCII). கம்பஸ் பிள்ளையாக இருந்தாலும் பள்ளிக்காலப் படத்துக்கு முதலாவதுதான். இரண்டும் இலவசம். படம் போனை விட்டுப் போகாது, அதிலிருந்து கணிக்கும், படத்தின் கைரேகை போன்ற ஹாஷ் குறியீடு மட்டுமே போகும். அதனால் மூலப்படத்தை அழித்துவிட்டால் இதைச் செய்ய முடியாது. வெட்டித் திருத்திய படத்துக்குத் தனியாக இன்னொரு தரம் செய்ய வேண்டும். வாட்ஸ்அப் குறூப்பில் ஓடுவதை இது பிடிக்காது.

4. முறைப்பாடு

இலங்கையில் உதவிக்கு அழைக்க, சிறுவர் என்றால் 1929, பெண்கள் என்றால் 1938. பொலிஸ் நிலையத்தில் சிறுவர், பெண்கள் பிரிவைக் கேளுங்கள். துணைக்குப் போகிறவர் "ஏன் அனுப்பினாய்" என்று வழியெல்லாம் கேட்டால் பிள்ளை உள்ளே வாய் திறக்காது. முறைப்பாட்டு இலக்கத்தை எழுதி வாங்கிய பிறகு, அந்தக் கணக்கை ரிப்போர்ட் செய்து பிளொக் பண்ணுங்கள்.