டைரிப் படம் எடுக்கிறவர்கள் சொதப்பும் இடங்கள்

டைரிப் படம் என்றால் நம் வாழ்க்கையை நாமே டைரி எழுதுவதுபோல் எடுத்துவைத்து, பிறகு படமாகத் தொகுப்பது. அதற்காகப் பல வருஷமாகச் சேர்த்த வீடியோக்களை முழுசாகப் பார்க்காமலேயே எடிட்டிங்கில் உட்காருவதுதான் முதல் தப்பு. நாம் எடுத்ததுதானே, நமக்குத் தெரியாதா என்ற நினைப்பு. ஆனால் நினைவில் இருப்பது ஒன்று, ஃபைலில் இருப்பது வேறு. நான் குப்பை என்று ஒதுக்கிய ஒரு கிளிப்பில் தரை மட்டும்தான் தெரியும். கேமராவை அணைக்க மறந்து கையில் தொங்கவிட்டபடி நடந்திருக்கிறேன், பின்னால் அப்பா தன் மூக்குக்கண்ணாடியைக் காணோம் என்று யாரிடமோ கேட்டுக்கொண்டிருக்கிறார். கேமராவைப் பார்த்துச் சிரிக்கும் பிறந்தநாள் காட்சிகளெல்லாம் வெட்டில் போக, அந்த 11 விநாடி மட்டும் தங்கிவிட்டது.

இதற்கு நேர்மாறாகவும் ஏமாறுவோம். ஒரு ஷாட்டைப் பார்த்து நமக்குத் தொண்டை அடைக்கிறதே, அது ஷாட்டின் வேலையா, அன்றைக்கு என்ன நடந்தது என்று நமக்குத் தெரிந்திருப்பதாலா? உங்கள் வீட்டு ஆட்களை அறியாத ஒருவருக்குப் போட்டுக்காட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டு உட்காருங்கள், அவர் எங்கே போனை எடுக்கிறார் என்று பார்த்தாலே தெரிந்துவிடும். அந்த இடத்தை வாய்ஸ் ஓவரால் நிரப்பத் தோன்றும். திரையில் பாட்டி சிரிக்கும்போது ‘பாட்டி சிரிக்கிறாள்’ என்று சொல்லி என்ன பயன்? படத்தில் இல்லாததைச் சொல்லுங்கள்.

தேதி வரிசையும் கட்டாயமில்லை. டைரிப் படங்களுக்குப் பேர்போன இயக்குநர் ஜோனஸ் மேகஸ் சுமார் 30 வருடப் பதிவுகளை 288 நிமிடப் படமாக்கி 2000-ல் வெளியிட்டார். வரிசைப்படி அடுக்கத்தான் முதலில் நினைத்ததாகவும், பிறகு அதை விட்டுவிட்டு அலமாரியில் கைக்குக் கிடைத்தபடி ஒட்டியதாகவும் படத்திலேயே சொல்கிறார். அதற்காக நீங்களும் குலுக்கிப் போட வேண்டாம்; ஒரே ஜன்னலை வேறு வேறு வருடங்களில் எடுத்திருந்தால் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

அப்புறம் ஒலி. ஃபேன் இரைச்சலைச் சுத்தமாகத் துடைத்துவிட்டு மேலே பியானோ போட்டால் அந்த அறையே காணாமல் போய்விடும்.

போன் வீடியோக்களில் ஃபிரேம் ரேட், அதாவது விநாடிக்கு எத்தனை ஃபிரேம் என்ற கணக்கு, மாறிக்கொண்டே இருக்கும், அப்படியே எடிட்டிங் டைம்லைனில் போட்டால் போகப்போக உதடும் பேச்சும் விலகலாம், முதலிலேயே நிலையான ஃபிரேம் ரேட்டுக்கு மாற்றிவிடுங்கள். பழைய வீடியோ கேமராவின் MiniDV டேப் இருந்தால் 60 நிமிடத்தைக் கம்ப்யூட்டரில் ஏற்ற 60 நிமிடம் ஆகும், குறுக்குவழி கிடையாது.

படத்தில் வருகிறவர்களிடம் அனுமதியைப் பொத்தாம்பொதுவாகக் கேட்காதீர்கள். ‘உன்னையும் சேர்க்கிறேன்’ என்றால் எல்லோரும் சரி என்பார்கள். வெட்டி முடித்த காட்சியைப் போட்டுக்காட்டிக் கேளுங்கள், பதில் மாறலாம்.