சமரச டிகிரியில் பெயர் இல்லாதவருக்கு வழக்குப் போடும்போது செய்யக்கூடாத தவறுகள்

வழக்கில் இருப்பவர்கள் தங்களுக்குள் பேசி முடித்ததைப் பதிவு செய்து நீதிமன்றம் தரும் தீர்ப்பாணைதான் சமரச டிகிரி. அப்படி ஒரு டிகிரியை எதிர்த்து ஒரு ஜூனியர் தயாரித்த வழக்குரையைப் போன வாரம் படித்தேன். 'சமரசம் மோசடியானது, டிகிரியை ரத்து செய்ய வேண்டும்', அவ்வளவுதான் பரிகாரம். தொழிலுக்கு வந்த மூன்றாவது வருடம் நான் போட்டதும் இதே வழக்குதான்.

டிகிரியைத் தாக்குவது, உரிமையைக் கேட்காமல் விடுவது

அப்பா தானே சம்பாதித்த (சுயார்ஜித) நிலம், உயில் கிடையாது, அம்மாவும் இல்லை. இரண்டு தம்பிகள் தங்களுக்குள் பாகப்பிரிவினை வழக்குப் போட்டு, சில வாய்தாவிலேயே சமரசம் பதிவு செய்து டிகிரி வாங்கிவிட்டார்கள். அக்காவை வழக்கில் சேர்க்கவே இல்லை. அவருக்காக நான் எழுதிய வழக்குரையில் பக்கம் பக்கமாக மோசடி இருந்தது, அவருடைய மூன்றில் ஒரு பங்கைக் கேட்கும் ஒரு வரி இல்லை. எதிர்த்தரப்பு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 3ஏ-வைக் காட்டியது: சமரசம் சட்டப்படியானதல்ல என்று சொல்லி டிகிரியை ரத்து செய்யத் தனி வழக்கு கூடாது. 1976 திருத்தத்தில் வந்த விதி, அதில் 'வழக்கில் இருந்தவர்' என்ற வரம்பே இல்லை. நாலு வருடம் கழித்து வழக்குரை நிராகரிக்கப்பட்டது. புதிதாகப் பாகப்பிரிவினை வழக்குப் போடுவதற்குள் ஒரு தம்பி நிலத்தில் பாதியை விற்றுவிட்டார், வாங்கியவரையும் பிரதிவாதியாக்கி மறுபடி முதலிலிருந்து ஓட வேண்டியிருந்தது. அந்த அக்கா ஒவ்வொரு வாய்தாவுக்கும் பஸ் ஏறி வந்தது இன்னும் என்னை உறுத்துகிறது.

'என் கட்சிக்காரர் மூன்றாம் நபர், அவரை எதுவும் கட்டுப்படுத்தாது' என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லாதீர்கள், அதைக் கேட்டாலே எரிச்சலாக வருகிறது. உரிமை அவருடைய சொந்த உரிமையா, வழக்கில் இருந்த யாரோ ஒருவர் வழியாக வந்ததா என்று முதலில் பாருங்கள். அந்த அக்காவுக்கு இருந்தது சொந்த உரிமை. தன் பங்கைக் கேட்டு, கூடவே அந்த டிகிரி தன்னைக் கட்டுப்படுத்தாது என்று நீதிமன்றம் அறிவிக்க வேண்டும் என (விளம்புகை) கேட்டிருந்தால் போதும். வழக்கில் இருந்தவரிடம் நிலம் வாங்கியவர் என்றால் கதையே வேறு. 2020-ல் திரிலோகி நாத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: விற்றவருக்கு என்ன பரிகாரம் உண்டோ அதுவரைதான் வாங்கியவருக்கும், சமரசம் செல்லுமா என்பதை அதைப் பதிவு செய்த நீதிமன்றத்திலேயே கேட்க வேண்டும்.

டிகிரியின் தேதியைப் பார்க்காதது

பூர்வீகச் சொத்தில் மகள் இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தப்படி பங்கு கேட்கும்போது, 2004 டிசம்பர் 20-க்கு முன் நீதிமன்ற டிகிரி மூலம் முடிந்த பாகப்பிரிவினையை அந்தத் திருத்தம் தொடாது. டிகிரி நகலைக் கையில் வாங்காமல் ஃபீஸ் பேசாதீர்கள்.

வழக்கு நடப்பது தெரிந்தும் சும்மா இருப்பது

கட்டளை 1, விதி 10. கட்சிக்காரரையும் வழக்கில் சேர்க்கச் சொல்லி உடனே மனுப் போடுங்கள்.

அமீனா வந்தபின் தனி வழக்குக்கு ஓடுவது

டிகிரியை நிறைவேற்ற நீதிமன்ற ஊழியர் (அமீனா) வரும்போது நிலத்தைத் தன் வசம் வைத்திருப்பவர், டிகிரியை நிறைவேற்றும் நீதிமன்றத்திலேயே கட்டளை 21, விதி 97 முதல் 101 வரை பார்த்துத் தன் உரிமையைச் சொல்ல வேண்டும். வழக்கு நிலுவையில் இருக்கும்போது பிரதிவாதியிடம் வாங்கியவருக்கு இந்த வழியும் கிடையாது, விதி 102.

மக்கள் நீதிமன்ற அவார்டுக்கு அப்பீல் போடுவது

மக்கள் நீதிமன்றத்தில் (லோக் அதாலத்) சமரசமாக முடிந்த வழக்கின் உத்தரவுதான் அவார்டு. அதற்கு அப்பீல் கிடையாது.