பில் பாக்கி வசூல்: சட்டம் கையில் இருந்தும் சப்ளையர்கள் கோட்டைவிடும் இடங்கள்

"சார், தொண்ணூறு நாள் கிரெடிட்னு பர்ச்சேஸ் ஆர்டர்லயே இருக்கு, நானும் கையெழுத்துப் போட்டுட்டேன். இனி என்ன பண்ண முடியும்?" கணக்கு பார்க்கும் என்னிடம், பாக்கியில் மாட்டிய சப்ளையர்கள் பெரும்பாலும் இப்படித்தான் பேச்சைத் தொடங்குவார்கள். முதல் தவறே இந்த நினைப்புதான். 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் மேம்பாட்டுச் சட்டத்தின் 15-ஆவது பிரிவின்படி, எழுதி ஒப்புக்கொண்டாலும் கெடு 45 நாளைத் தாண்டக் கூடாது. எழுத்தில் எதுவும் இல்லையென்றால் 15 நாள்தான். தொண்ணூறு நாள் என்று அச்சடித்த ஆர்டர் இந்தச் சட்டத்தின் முன் நிற்காது.

ஆனால் அந்த நாள் கணக்கு பில் தேதியிலிருந்து ஓடுவதில்லை. வாங்குபவர் சரக்கை ஏற்றுக்கொண்ட நாளிலிருந்து ஓடும். டெலிவரி ஆன 15 நாளுக்குள் அவரிடமிருந்து எழுத்தில் ஆட்சேபம் வராவிட்டால், டெலிவரி நாளே ஏற்ற நாள். கேட்க எளிதாக இருக்கிறது. ஆனால் நான் பார்த்தவரை பாதி வழக்கு தடுமாறுவது இங்கேதான். ஒரு வாடிக்கையாளர் கொண்டுவந்த டெலிவரி சலான் இன்னும் கண்ணில் நிற்கிறது. கீழே ஒரு கிறுக்கல், மூலையில் வாட்ச்மேன் எழுதிய லாரி நம்பர், அவ்வளவுதான். தேதியும் இல்லை, சீலும் இல்லை. எட்டு மாதம் கழித்து சரக்கை வாங்கிய கம்பெனி, "சரக்கில் பாதி ரிஜெக்‌ஷன்" என்று, பாக்கியில் கழித்துக்கொள்வதாக ஒரு டெபிட் நோட் அனுப்பியது. சலானில் தேதி இருந்திருந்தால், "பதினைந்து நாளுக்குள் ஏன் எழுதவில்லை?" என்ற ஒரே கேள்வியில் மடக்கியிருக்கலாம். இ-வே பில்லையும் லாரி ஆபீஸ் ரசீதையும் தேடியெடுத்துத்தான் தேதியை நிரூபிக்க வேண்டியிருந்தது. சரக்கோடு போகும் ஆளிடம் ஒன்றே ஒன்று சொல்லி அனுப்புங்கள்: பெயர், தேதி, சீல் மூன்றும் இல்லாமல் சலானோடு திரும்பி வராதே.

அடுத்தது உத்யம் பதிவு, அதாவது குறு, சிறு, நடுத்தரத் தொழில் என்று அரசிடம் பதிந்துகொள்வது. பணம் முடங்கிய பிறகு ஓடிப்போய்ப் பதிகிறார்கள். ஆர்டருக்குப் பின்னால் பதிந்தவருக்கு இந்தச் சட்டத்தின் பலன் கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 2022-இல் சொன்னது. 2025-இல் இன்னொரு அமர்வு அதில் சந்தேகம் எழுப்பி, பெரிய அமர்வுக்கு அனுப்பியது. அந்தச் சண்டையில் உங்கள் பில் ஏன் சிக்க வேண்டும்? பதிவுக்குக் கட்டணமே இல்லை. முதல் ஆர்டருக்கு முன்பே முடித்துவிடுங்கள். இன்னொரு விஷயம்: இந்தப் பாதுகாப்பு குறு, சிறு நிறுவனங்களுக்கு மட்டும்தான், நடுத்தர நிறுவனத்துக்கு இல்லை. வாங்கி விற்கும் வியாபாரிகளுக்கு 2021-இல் உத்யம் கதவு திறந்தது வங்கிக் கடன் முன்னுரிமைக்காக மட்டுமே. சான்றிதழ் கையில் இருக்கிறது என்று அவர்கள் தெம்பாக இருந்துவிடக் கூடாது.

வட்டியைக் கேட்கக் கூச்சப்படுகிறவர்கள் நிறைய. "பார்ட்டி கோவிச்சுக்குவாங்க" என்பார்கள். ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப் போல் மூன்று மடங்கு, அதுவும் மாதா மாதம் கூட்டு வட்டி என்று 16-ஆவது பிரிவு சொல்கிறது. (ரெப்போ விகிதத்தை வைத்துக் கணக்குப் போடாதீர்கள், இரண்டும் வேறு.) வங்கி விகிதம் 6 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் வட்டி 18 சதவீதம். 5 லட்சம் ரூபாய் பாக்கிக்கு ஓராண்டில் சுமார் 97,800 ரூபாய். பேரத்தில் கடைசியாக நீங்கள் விட்டுக்கொடுக்கப் போவது இந்த வட்டியாகவே இருக்கலாம். ஆனால் முதலில் கேட்டிருந்தால்தானே விட்டுக்கொடுக்க முடியும்?

"அடுத்த மாசம் கண்டிப்பா" என்ற போன் பேச்சை நம்பி மூன்று வருடத்தைக் கடத்துவதும் உண்டு. பணக் கோரிக்கைக்கான காலவரம்பு பொதுவாக மூன்று ஆண்டு. அது முடியும் முன் பாக்கியை ஒப்புக்கொண்டு எழுத்தில் கையெழுத்து வாங்கினால் கணக்கு புதிதாக ஓடத் தொடங்கும். வாய்வார்த்தைக்கு அந்த பலம் இல்லை. வருடா வருடம் மார்ச் கணக்கு முடிந்ததும் இவ்வளவு பாக்கி என்று காட்டும் லெட்ஜர் கன்ஃபர்மேஷன் கடிதம் அனுப்பி, கையெழுத்து, சீலோடு திரும்ப வாங்கிவிடுங்கள்.

செக் வாங்கியவர்கள் இதைவிடச் சின்னக் கெடுவில் தவறவிடுகிறார்கள். செக் திரும்பிய தகவல் வங்கியிலிருந்து வந்த 30 நாளுக்குள் எழுத்தில் நோட்டீஸ் போக வேண்டும். நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து அவருக்கு 15 நாள் அவகாசம். அதற்கும் பணம் வராவிட்டால் அடுத்த ஒரு மாதத்துக்குள் கோர்ட்டில் புகார். "இன்னொரு தடவை போட்டுப் பாருங்க" என்று அவர் இழுக்கும் ஒவ்வொரு வாரமும் இந்தக் கெடுவைத் தின்கிறது.

எங்கே போவது என்பதிலும் குழப்பம். திவால் சட்டத்தைக் காட்டி மிரட்டலாம் என்று சிலர் வருவார்கள். அதற்கு பாக்கி குறைந்தது 1 கோடி ரூபாய் இருக்க வேண்டும். சிறிய சப்ளையருக்கான இடம், 2006 சட்டத்தின் கீழ் மாநில அரசு அமைத்த வசதியாக்கக் கவுன்சில். முதலில் சமரசம், படியாவிட்டால் நடுவர் விசாரணை. தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரை, திருச்சி ஆகிய ஊர்களில் கவுன்சில் உண்டு. வாங்கியவர் டெல்லியில் இருந்தாலும் நீங்கள் இருக்கும் இடத்துக் கவுன்சிலிலேயே மனு போடலாம். 90 நாளில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொன்னாலும், நடப்பில் இழுக்கும், அதற்கும் மனதைத் தயார் செய்துகொள்ளுங்கள். ஆனால் தீர்ப்பு உங்கள் பக்கம் வந்துவிட்டால், அதை ரத்து செய்யக் கோரும் வாங்குபவர் முதலில் 75 சதவீதத் தொகையைக் கட்டியாக வேண்டும். பெரிய கம்பெனிகள் பேச்சுவார்த்தைக்கு இறங்கி வருவது பெரும்பாலும் இந்தக் கணக்கைப் பார்த்துத்தான்.

மனு போடும் முன் ஒரு கடிதம் போட்டுப் பார்க்கலாம். ஆடிட்டர்கள் 43பி(எச்) என்று சொல்லும் வருமான வரி விதியை 2023-ஆம் ஆண்டு நிதிச் சட்டம் கொண்டுவந்தது. கெடு தாண்டிய பாக்கி மார்ச் 31 வரை நிலுவையில் நின்றால், வாங்கியவர் அதை அந்த ஆண்டுச் செலவாகக் காட்டி வரியைக் குறைக்க முடியாது. அதனால் பிப்ரவரி கடைசியில், உத்யம் எண்ணோடு பில் பட்டியலை அவர்களுடைய கணக்குப் பிரிவுக்கு அனுப்புங்கள். பில்லிலேயே அந்த எண்ணை அச்சிடாமல் விட்டால், "நீங்க சிறு தொழில்னு எங்களுக்குத் தெரியாதே" என்பார்கள்.

பணம் வரும் சமயத்தில்தான் கடைசிச் சறுக்கல். "அசலை மட்டும் அனுப்புறோம், பாக்கி எதுவும் இல்லைன்னு ஒரு லெட்டர் கொடுங்க" என்று ஆள் வருவார். வட்டியை விடுவது உங்கள் இஷ்டம். ஆனால் பணம் வங்கிக் கணக்கில் ஏறிய பிறகு கையெழுத்துப் போடுங்கள்.