சுகிமுரா ஹருகோவின் நடிப்பைப் பார்த்துப் பழகுவது எப்படி?

போருக்குப் பிந்தைய ஜப்பானியத் திரையில் பெரும்பாலும் துணைப் பாத்திரங்களிலேயே நிலைத்துநின்ற சுகிமுரா ஹருகோவை அறிய விரும்புவோர், யசுஜிரோ ஓசு 1949-இல் இயக்கிய ‘லேட் ஸ்பிரிங்’ படத்திலிருந்து தொடங்குவது நல்லது. அதில் அத்தையாக வரும் அவர், காமகுராவில் கோயில் வளாகத்தில் கிடந்த பணப்பையை நல்ல சகுனமென்று எடுத்துக் கிமோனோவின் மடிப்புக்குள் செருகிக்கொண்டு, காவலரைக் கண்டதும் படியேறி விரையும் காட்சியை இருமுறையாவது பாருங்கள்.

அடுத்தது 1953-இல் வந்த ‘டோக்கியோ ஸ்டோரி’. ஊரிலிருந்து வந்த பெற்றோருக்காகக் கணவர் வாங்கிவந்த பலகாரத்தை, இவ்வளவு விலையில் எதற்கு என்று கடிந்தபடியே தானே எடுத்துத் தின்னும் மூத்த மகள் ஷிகேவின் முகத்தை விட்டு, கைகளைக் கவனியுங்கள். தாயின் இறுதிச் சடங்கு முடிந்ததும் அவருடைய கிமோனோவைக் கேட்கும் குரலில் கொடுமையைவிட அன்றாட வாழ்வின் அவசரமே மிகுந்திருப்பது அப்போது விளங்கும். அவர் ஏற்றவற்றுள் எனக்கு மிகவும் பிடித்த வேடம் இதுவே.

பிறகு, மிக்கியோ நருசேயின் ‘லேட் கிரிஸாந்திமம்ஸ்’ (1954) படத்தைப் பாருங்கள். வட்டிக்குப் பணம் கொடுக்கும் முன்னாள் கெய்ஷாவாக (ஆடல் பாடலால் விருந்தினரை மகிழ்விக்கும் கலைஞராக), இங்கே அவரே நாயகி. 1937-இல் உருவான புங்காகுசா நாடகக் குழுவில் தொடக்கம் முதலே இருந்த அவருடைய மேடைப் பயிற்சி, தனிமையில் அவர் நிற்கும் காட்சிகளில்தான் முழுமையாகத் தெரிகிறது.