டிராகன் சிட்டி புதுசா ஆடுறீங்களா? மொதல்ல வயலப் பாருங்க

போன கத்திரி வெயில்ல அக்கா பையன் குடியாத்தத்துல இருந்து லீவுக்கு வேலூரு சத்துவாச்சாரிக்கு நம்ம வூட்டுக்கு வந்தான். வெளிய காலு வெக்க முடியாது, நம்ம ஊரு மே மாசம் தெரியுமில்ல, மத்தியானம் பன்னெண்டு மணிக்கு மொட்டை மாடில அப்பளம் பொரிக்கலாம். பையன் ஃபேனுக்கு கீழ குப்புறப் படுத்துக்குனு டிராகன் சிட்டி ஆடிட்டு கெடந்தான். ரெண்டு நாள் கழிச்சு மூஞ்சிய தொங்கப் போட்டுக்குனு வந்து, "மாமா, எங்கிட்ட பதினொரு டிராகன் கீது, ஆனா காசே ஏற மாட்டேங்குது மாமா"ன்னான். இன்னாடான்னு வாங்கி பாத்தன். பதினொண்ணுல ரெண்ட தவிர மீதியெல்லாம் லெவல் 2, லெவல் 3ல பசியோட நிக்குது. வயலு ஒண்ணே ஒண்ணு, அதுவும் சொம்மா காலியா கெடக்குது. டிராகன் தங்குற வூடு, அதான் ஹேபிடேட்டு, ஒவ்வொண்ணு மேலயும் காசு ரொம்பி எடுக்க ஆளில்லாம மின்னுது. இவன் இன்னா பண்றான்னா, பன்னெண்டாவது டிராகனுக்கு ஜோடி சேத்துனு கீறான்.

புதுசா ஆடுற முக்கால்வாசி பேரு இதே தப்பத்தான் பண்றாங்க, நானும் பண்ணன், அதனால எழுதறன்.

தெரியாதவங்களுக்கு ஒரு வரில சொல்லிடறன். ஸ்பெயின்ல பார்சிலோனால இருக்கிற சோஷியல் பாயின்ட்டுன்னு ஒரு கம்பெனி 2012ல ஃபேஸ்புக்ல விட்ட கேமு, அடுத்த வருஷமே போனுக்கு வந்துடுச்சு. வானத்துல மெதக்கிற தீவுல ஊரு கட்டணும், டிராகன் பொரிக்க வெக்கணும், தீனி போட்டு வளக்கணும், சண்டைக்கு உடணும், அவ்ளோதான்.

இதுல கையாள வேண்டியது மூணு: கோல்டு (காசு), ஃபுட் (தீனி), ஜெம் (காத்திருக்காம ஒடனே முடிக்க குடுக்கற கல்லு). எல்லாரும் கோல்டுதான் பெருசுன்னு நெனைக்கிறாங்க, ஏன்னா எது வாங்கினாலும் கோல்டு கேக்குது. ஆனா அந்த கோல்டு எங்கிருந்து வருது? டிராகன் கிட்டருந்து. டிராகன் எப்ப நெறைய குடுக்கும்? லெவல் ஏறினா. லெவல் எப்ப ஏறும்? தீனி தின்னா. அப்ப சுத்தி சுத்தி எங்க வந்து நிக்குது பாருங்க, வயல்லதான். அதனால புது டிராகன் ஆசைய கொஞ்சம் ஓரம் வெச்சிட்டு, உங்க லெவலுக்கு கடையில எத்தினி ஃபார்ம், அதான் வயலு, கட்ட உடறாங்களோ அத்தினியும் மொதல்ல கட்டிடுங்க, அப்பால பெரிய ஃபார்மா மாத்த வழி வந்ததும் அத்தயும் பண்ணிடுங்க. ஒரு வயலு கூட ஒரு நிமிஷம் காலியா கெடக்கக் கூடாது.

எத போடறதுன்னு ஒரு கொழப்பம் வரும். வயல தொட்டா ஒரு லிஸ்ட்டு வரும், சீக்கிரம் வெளையறது மேல, நேரம் எடுக்கறது கீழ. கீழ போகப் போக மொத்த தீனி பெருசா தெரியும், உடனே எல்லாரும் அத்தயே அமுக்குவாங்க. கணக்கு போட்டு பாருங்க, மணிக்கு எவ்ளோன்னு வகுத்தா குட்டிப் பயிருதான் ஜாஸ்தி குடுக்குது, ஆனா நீங்க பக்கத்துலயே ஒக்காந்து அறுத்துக்குனே இருக்கணும். எங்க தாத்தா இலவம்பாடில முள்ளு கத்திரிக்கா போட்டவரு, 2023ல புவிசார் குறியீடு வாங்குச்சே அதே கத்திரிக்காதான். கத்திரி காய்க்க மாசக்கணக்குல ஆகும், அதுக்குள்ள கைச்செலவுக்கு இன்னா பண்றதுன்னு ஓரத்துல ஒரு பாத்தி கீரை வெதச்சிருப்பாரு, அது ஒரு மாசத்துக்குள்ள சந்தைக்கு போயிடும். அதே ரோசனதான் இங்கயும். போனு கையில இருக்கிற நேரம் கீரை, பஸ்ல போறீங்க, ஆபீஸ்ல மீட்டிங்கு, இல்ல தூங்கப் போறீங்கன்னா கத்திரிக்கா. நைட்டு படுக்கறதுக்கு முன்னாடி அஞ்சு நிமிஷப் பயிர போட்டுட்டு படுத்தா காலைல எழுந்து அஞ்சு நிமிஷத் தீனிதான் கெடைக்கும், மீதி ஏழரை மணி நேரம் வயலு சொம்மா கெடந்துச்சுன்னு அர்த்தம்.

கோல்டும் இப்பிடித்தான். ஒவ்வொரு ஹேபிடேட்டுக்கும் இவ்ளோதான் புடிக்கும்னு ஒரு அளவு கீது, அது ரொம்பிட்டா டிராகன் சம்பாதிக்கிறத நிறுத்திடும். கொழாயில தண்ணி வரும்போது ஒரே ஒரு கொடத்த வெச்சிட்டு பக்கத்து வூட்டுல கத பேச போயிட்டா எப்பிடி, அது மாதிரி. அடிக்கடி தெறந்து எல்லாத்தயும் ஒரு தட்டு தட்டி எடுத்துக்குங்க. ஹேபிடேட்ட அப்கிரேடு பண்ணா டிராகனும் கூட வெக்கலாம், காசும் கூட புடிக்கும். அழகுக்கு மரம், செலைன்னு கடையில நெறைய கீது, மொத ரெண்டு வாரம் அந்தப் பக்கமே போவாதீங்க. தீவுல கெடக்கிற பாறை, செடிய கொஞ்சம் கோல்டு குடுத்து சுத்தம் பண்ணா எக்ஸ்பீரியன்ஸ் பாயின்ட் வரும், எடமும் கெடைக்கும், அது பரவால்ல.

தீனி போடறதுல ஒரு கையிருப்பு கணக்கு வேணும். கீழ் லெவல்ல ஒரு டிராகன் தின்றது கொஞ்சம், மேல போகப் போக வயிறு பெருசாயிட்டே போவும். அதனால ஒரே ஒரு செல்லப் புள்ளைய மட்டும் 9, 10ன்னு ஏத்திட்டு மத்தத பட்டினி போடறது நஷ்டம். நான் பண்றது, மொதல்ல எல்லாத்தயும் லெவல் 4க்கு கொண்டாந்துடுவன். ஏன் 4னா, அதுக்கு அப்பாலதான் ஜோடி சேத்து முட்டை போட உடுவாங்க, அதான் ப்ரீடிங். பையன் கிட்ட இத சொன்னதும் மூஞ்சிய பாக்கணுமே, "அதான் நெறைய டிராகன் ப்ரீடிங்ல காட்டவே மாட்டேங்குதா"ன்னான். 4 ஆனப்பறம் எது நிமிஷத்துக்கு நெறைய கோல்டு குடுக்குதுன்னு தொட்டு பாத்து அதுங்களுக்கு மட்டும் கூட ரெண்டு மூணு லெவல்.

சரி, ப்ரீடிங்கு. எல்லாருக்கும் புடிச்ச எடம் இதான். ஒவ்வொரு டிராகனுக்கும் எலிமென்ட்டுன்னு ஒரு வகை கீது, ஆரம்பத்துல டெர்ரா (மண்ணு), ஃப்ளேம் (நெருப்பு), சீ (கடலு), நேச்சர் (செடி கொடி)னு ஒவ்வொண்ணா தெறக்கும். ரெண்டு தனி எலிமென்ட்டு டிராகன சேத்தா ரெண்டும் கலந்த குட்டி வரும், டெர்ராவும் ஃப்ளேமும் சேந்தா ஃப்ளேமிங் ராக் வரலாம், வால்கேனோ வரலாம், சீயும் நேச்சரும் சேந்தா நெனுஃபார் வரலாம், கோரல் வரலாம். எது வரும்னு நம்ம கையில இல்ல. ஆனா ஒரு குறுக்கு வழி கீது, சேத்து வெச்சதும் எவ்ளோ நேரம் ஆகும்னு கடிகாரம் காட்டுதில்ல, ஒவ்வொரு டிராகனுக்கும் அந்த நேரம் வேற வேற, அத்த பாத்தே உள்ள இன்னா முட்டைன்னு ஓரளவு கண்டுபுடிச்சிடலாம். ஏற்கனவே இருக்கிற டிராகனோட நேரத்தயே காட்டுச்சுன்னா பழசுதான் வரப் போவுதுன்னு மனச தேத்திக்கலாம், வழக்கத்துக்கு மீறி நேரம் காட்டுச்சுன்னா சொம்மா குஷி ஆயிடும். பையனுக்கு ஒரு நாள் சாயங்காலம் இப்பிடி நேரம் ஜாஸ்தியா காட்டுச்சு, பக்கோடா தட்ட அப்பிடியே வெச்சிட்டு வூடு பூரா ஓடறான், அக்கா இன்னாமோ ஏதோன்னு பயந்துட்டா.

கூல் ஃபயர், சாக்கர்னு ரெண்டு டிராகன், இதுங்கள பத்தி பழைய ஆளுங்க யார கேட்டாலும் சொல்லுவாங்க. ரெண்டுமே ஃப்ளேமயும் ஐஸயும் சேத்தா கெடைக்கக் கூடியது. அந்த ரெண்டயும் ஒண்ணுக்கொண்ணு சேத்தா லெஜன்ட்டுன்ற அபூர்வ வகை டிராகன் விழ வாய்ப்பு கீது. வாய்ப்புன்னுதான் சொன்னன். பத்து தபா பண்ணி பத்து தபாவும் சாதா குட்டியே வந்து நான் போன தூக்கி கட்டில்ல எறிஞ்ச கதையும் கீது. அதனால கூல் ஃபயரோ சாக்கரோ கெடைச்சா காசுக்கு ஆசப்பட்டு வித்துடாதீங்க. மத்தபடி ஒரே டிராகன் ரெண்டு ரெண்டா சேந்துட்டா அந்த குட்டிங்கள விக்கிறதுல தப்பே இல்ல, எடம் அடைச்சிக்குனு நிக்கிறதுக்கு பதிலா நாலு காசாவது வரட்டும்.

இதுல இன்னொரு சிக்கல் கீது, எங்க பையன் ரெண்டு நாளா மாட்டிக்குனு இருந்தது அதுலதான். முட்டை பொரிஞ்சாச்சு, ஆனா வெக்க ஹேபிடேட்ல எடமில்ல. எடமில்லாததால முட்டை பொரிக்கிற எடத்துல, அதான் ஹேட்ச்சரிலயே ஒக்காந்துக்குனு கீது. அது நகரலன்னதும் ஜோடி சேக்கற ப்ரீடிங் மலைல இருக்கிற அடுத்த முட்டையும் எறங்க முடியல. காட்பாடி ஜங்ஷன்ல ஒரு வண்டி பிளாட்பாரத்துல நின்னுட்டா பின்னாடி வர்ற வண்டியெல்லாம் அவுட்டர்லயே நிக்குமே, அந்த கதைதான். அதனால ஜோடி சேக்கறதுக்கு முன்னாடியே குட்டிக்கு எடம் கீதான்னு பாத்துக்குங்க. கலப்புக் குட்டிய அதோட எந்த எலிமென்ட்டு ஹேபிடேட்லயும் வெக்கலாம், டெர்ராவும் ஃப்ளேமும் கலந்ததுன்னா ரெண்டுல எங்க காலியா கீதோ அங்க. தெரியாம புது ஹேபிடேட் கட்ட கோல்டு சேத்துனு இருந்தான் பாவம், பக்கத்துலயே டெர்ரா வூடு பாதி காலி.

இப்ப ஜெம் விஷயம், இங்கதான் எனக்கு கோவம் வரும். ஆரம்பத்துல கொஞ்சம் ஜெம் கையில குடுத்துட்டு, எத பாத்தாலும் ஜெம் குடு ஒடனே முடியும்னு ஆச காட்டும். பையன் வந்த அன்னிக்கே மொத்தத்தயும் அவசரப்பட்டு முட்டைய பொரிக்க வெச்சே காலி பண்ணிட்டான். காத்திருந்தா இன்னா, எப்பிடியும் நைட்டு தூங்கத்தான போற, காலைல பொரிஞ்சிருக்கும். நேரத்துக்கு ஜெம் குடுக்கவே குடுக்காதீங்க. ஒரு தடவ செலவு பண்ணா எப்பவும் ஒதவுற மாதிரி, முட்டை வெக்கிற எடத்த கூட்டறதுன்னு அந்த மாதிரிக்கு வெச்சிக்குங்க. டிராகன் டிவின்னு ஒண்ணு கீது, விளம்பரம் பாத்தா ஏதாச்சும் தருவாங்க, பல்லு தேய்க்கும்போது ஓட உட்டுட்டா போச்சு.

இதவிட பெரிய விஷயம் நெஜக் காசு. எனக்கு தெரிஞ்ச ஒருத்தர் வூட்டுல புள்ள அம்மா போன்ல ஆடிட்டு, ஆஃபர்னு வந்தத அமுக்கி அமுக்கி ஒரே மதியத்துல ஆயிரத்து சொச்சம் போயிடுச்சு, அம்மாவுக்கு மெசேஜ் வந்தப்பறம்தான் தெரியும். புள்ளைய அடிச்சு இன்னா புண்ணியம். ப்ளே ஸ்டோர் செட்டிங்ஸ்ல ஒவ்வொரு தடவ வாங்கும்போதும் பாஸ்வேர்டோ கைரேகையோ கேக்கணும்னு ஒரு ஆப்ஷன் கீது, போன புள்ளைங்க கையில குடுக்கறதுக்கு முன்னாடி அத்த போட்டுடுங்க. அப்பிடியே கேமுக்குள்ள செட்டிங்ஸ் போயி அக்கவுண்ட்ட லிங்க் பண்ணிடுங்க, இல்லன்னா போனு மாத்தினா தீவு போச்சு. எனக்கு ஒரு தடவ போச்சு. லெவல் 20 தாண்டியிருந்தன், தப்பு என்னுதுதான், யாரயும் சொல்றதுக்கில்ல.

கொஞ்ச நாள்ல இன்னொரு எடத்துல நிப்பீங்க. டிராகன் லெவல் 10 ஆனதும் எவ்ளோ தீனி போட்டாலும் ஏறாது. கேம் கெட்டுடுச்சுன்னு நெனைச்சிடாதீங்க, கோவில் கட்டணும். நோவிஸ் டெம்பிள் கட்டினா 15 வரைக்கும் போவும், அதுக்கு மேல அடுத்தடுத்த கோவில். பையன் கிட்ட சொன்னன், நம்ம ஊர பத்தி பெரியவங்க சொல்லுவாங்களே, தண்ணியில்லாத ஆறு, மரமில்லாத மலை, ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோவில்னு, அந்த கடைசி வார்த்தை இப்ப செல்லாதுடா, 1981ல கோட்டைக்குள்ள ஜலகண்டேஸ்வரர திரும்ப கொண்டாந்து வெச்சிட்டாங்க, உன் தீவுலதான் இன்னும் கோவிலே இல்லன்னு. சிரிக்கவேயில்ல, "அது எவ்ளோ கோல்டு மாமா"ன்னான்.

சண்டைய பத்தி ஆரம்பத்துல ரொம்ப கவலப்பட வாணாம். மூணு டிராகன் ஒரு டீமு. ஃப்ளேம் நேச்சர அடிக்கும், நேச்சர் சீய அடிக்கும், சீ ஃப்ளேம அடிக்கும், இந்த சுத்த மட்டும் ஞாபகம் வெச்சிக்குனா மொத லீக் தாண்டிடலாம். ஐஸுக்கு ஃப்ளேமும் மெட்டலும் ஆவாது, சீக்கு எலக்ட்ரிக் ஆவாது. கலப்பு டிராகன்ல மொத எலிமென்ட்டு எதுவோ அதுதான் அதோட பலவீனத்த முடிவு பண்ணும், அதனால எதிரிய பாக்கும்போது மொத ஐகான பாருங்க. மூணும் ஒரே எலிமென்ட்டா இருந்தா ஒருத்தன் வந்து மூணயும் வரிசையா சாய்ச்சிடுவான், கலந்து வெச்சிக்குங்க. ட்ரெயினிங் சென்டர் தெறந்தப்பறம் புது அடி கத்துக் குடுக்கலாம், அது கொஞ்சம் நாள் எடுக்கும், நீங்க தெனம் சண்டைக்கு எறக்குற டிராகன மட்டும் அனுப்புங்க.

லீவு முடிஞ்சு பையன் குடியாத்தம் போயிட்டான். ரெண்டு வாரம் கழிச்சு நைட்டு பதினொண்ணரைக்கு ஒரு ஸ்கிரீன்ஷாட் அனுப்புறான், வயலு எல்லாம் பச்சையா கீது, ஓரத்துல நோவிஸ் டெம்பிள் நிக்குது. கீழ ஒரே வரி: "கத்திரிக்கா போட்டுட்டேன் மாமா, தூங்கப் போறேன்."