ஒலியில் தகவல் சேமிக்கும் கருவி: கதை எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அறிவியல் புனைகதை எழுதும் நண்பர்கள் கைப்பிரதியை எனக்கு அனுப்புவதுண்டு. அவற்றில் அடிக்கடி வரும் ஒரு சாமான், ஒலியிலும் அதிர்விலும் தகவலைச் சேமிக்கும் கருவி. சிப் இல்லை, கரண்ட் இல்லை. தட்டினால் ஆயிரம் வருஷத்துக் கதையைச் சொல்லும். கற்பனைதானே, எப்படி இருந்தால் என்ன என்பார்கள். ஆனால் இந்த வகைக் கருவிகள் நிஜமாகவே இருந்திருக்கின்றன. அதை அறியாமல் எழுதும்போதுதான் கதை சப்பென்று ஆகிவிடுகிறது.

முதலில் இசைத்தூண். நெல்லையப்பர் கோயில் தூணைத் தட்டினால் சுரம் கேட்கும். உடனே நம்மவர் அதற்குள் பாண்டியர் ரகசியத்தை ஒளித்துவைத்துவிடுவார். தூணின் நீளம், பருமன், கல்லின் தன்மை மூன்றும் சேர்ந்து என்ன சுரம் தருமோ அதுதான் வரும். நேற்று அரசர் தட்டியிருந்தாலும் இன்று நீங்கள் தட்டினாலும் அதே சுரம். ஒலிப்பது வேறு, நினைவில் வைப்பது வேறு.

அடுத்தது பானை. குயவர் சக்கரம் சுற்றுகிறார், பக்கத்தில் யாரோ பேசுகிறார்கள், கையிலிருந்த குச்சி அதிர்ந்து ஈரக் களிமண்ணில் குரல் பதிகிறது. அதைக் கீழடியில் தோண்டியெடுத்து ஊசி வைத்துக் கேட்கிறார்கள். ஆசை பழசுதான். 1969இல் ரிச்சர்ட் வுட்பிரிட்ஜ் என்ற அமெரிக்கர், பானை வரிகளில் சக்கரத்தின் ஓசையைக் கேட்டதாக ஒரு பொறியியல் இதழுக்குக் கடிதமே எழுதினார்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் ஒரு வேடிக்கை. 20 செ.மீ. விட்டமுள்ள பானை நிமிஷத்துக்கு 100 சுற்று சுற்றினால், குச்சிக்குக் கீழே களிமண் நொடிக்கு சுமார் 1 மீட்டர் ஓடும். 78 சுற்று இசைத்தட்டின் வெளிவிளிம்பும் கிட்டத்தட்ட அதே வேகம்தான். ஆக, வேகம் இடிக்கவில்லை. குச்சிதான் இடிக்கிறது. அந்தக் காலத்து ஒலிப்பதிவில் பாடகர் பெரிய புனலுக்குள் உரக்கப் பாடினார்; புனல் ஒலியைக் குவித்து ஒரு மெல்லிய தகட்டை ஆட்டியது; தகடு ஊசியை ஆட்டியது; ஊசி மெழுகைச் சீவியது. குயவரின் குச்சிக்குப் புனலும் இல்லை, தகடும் இல்லை. இறுக்கிப் பிடித்த கை இருந்த அதிர்வையும் அமுக்கிவிடும். மீதியை மண்ணின் சொரசொரப்பும் ஈரக்கை வழிப்பும் தின்றுவிடும். போதாததற்குச் சூளையில் பானை சுருங்கும். கீழடி ஓடுகளில் பதிந்திருப்பது ஆதன், குவிரன் என்று யாரோ கீறிய பெயர்கள். எழுத்து என்ற கருவி அங்கே ஏற்கெனவே வேலை செய்துகொண்டிருந்தது.

எனக்கு அதிகம் உறுத்துவது, கருவிக்கு எந்தக் கஷ்டமும் இல்லாமல் விட்டுவிடுவது. 1949இல் கேம்பிரிட்ஜில் ஓடத் தொடங்கிய எட்சாக் கணினியின் நினைவகம், பாதரசம் நிரப்பிய எஃகுக் குழாய்கள். ஒவ்வொன்றும் சுமார் ஒன்றரை மீட்டர். ஒரு முனையில் உள்ள குவார்ட்ஸ் படிகம் மின்துடிப்பு வந்ததும் நடுங்கி, ஒலியலையைப் பாதரசத்துக்குள் தள்ளும். நொடிக்கு ஏறத்தாழ 1450 மீட்டர் வேகத்தில் அது மறுமுனைக்குப் போய்ச் சேர 1 மில்லி செகண்ட். அங்கே இன்னொரு படிகம் அதை மின்துடிப்பாக்க, தேய்ந்த துடிப்பைச் சீர்செய்து மறுபடி முதல் முனைக்கே அனுப்புவார்கள். ஒலி சுற்றிக்கொண்டே இருக்கும்வரைதான் நினைவு. ஒரு குழாயில் 576 பிட். ‘அம்மா, சாப்பாடு ரெடியா?’ என்று இன்றைய யூனிகோடில் ஒரு வாட்ஸ்அப் அனுப்பினால் அந்த எழுத்துகளுக்கே 488 பிட் ஆகிறது; குழாய் கிட்டத்தட்ட நிரம்பிவிடும்.

கரண்ட் போனால் எல்லாம் போச்சு. வேண்டிய துடிப்பு மறுமுனைக்கு வரும்வரை காத்திருக்க வேண்டும். சூடு மாறினால் ஒலியின் வேகம் மாறி, துடிப்புகள் தப்பான நேரத்தில் வந்து சேரும். அதனால் யூனிவாக் கணினியில் பாதரசத்தை 40 டிகிரி செல்சியஸ் அளவிலேயே வைத்திருந்தார்கள். பாதரசத்துக்குப் பதில் ஜின் ஊற்றலாம் என்றுகூட கணினித் துறையின் முன்னோடி ஆலன் டூரிங் யோசனை சொன்னார். ஆல்கஹாலும் தண்ணீரும் சரியான விகிதத்தில் இருந்தால், அறையின் சூட்டில் ஒலி வேகம் அவ்வளவாக அசையாது. உங்கள் கதாநாயகி கருவியைத் தூக்கிக்கொண்டு சித்திரை வெயிலில் ஓடும்போது நினைவுகள் இடம் மாறத் தொடங்கினால், கதை தானாக நகருமே!

(நம் வீட்டுப் பழைய கலர் டிவியிலும் இந்தச் சங்கதி உண்டு. படத்தில் ஒரு வரியின் நிறத்தை 64 மைக்ரோ செகண்ட் ஒலியாக வைத்திருந்து கொடுக்கும் சின்னக் கண்ணாடித் துண்டு. மெக்கானிக்குகள் டிலே லைன் என்பார்கள்.)

கடைசியாக, திருப்பிக் கேட்கும் வேகம். 1860இல் பாரிஸில் எடுவார் லெயோன் ஸ்காட், விளக்குக் கரி பூசிய தாளில் ஒரு பிரெஞ்சுப் பாட்டின் அதிர்வுகளைக் கோடாக வரைந்துவைத்தார். கண்ணால் பார்க்கத்தான், கேட்கும் எண்ணமே அவருக்கு இல்லை. நல்லவேளையாக, குரலின் கோட்டுக்குப் பக்கத்தில் ஓர் இசைக்கவையின் (தட்டினால் எப்போதும் ஒரே வேகத்தில் அதிரும் உலோகக் கவை) அதிர்வையும் பதிந்திருந்தார்; பாட்டின் வேகத்தை அதை வைத்துக் கணக்கிடலாம். 2008இல் கணினி வழியாக அந்தக் கோட்டை ஒலியாக்கினார்கள். யாரோ சிறுமி பாடுவதுபோல் கேட்டது. இசைக்கவையின் அதிர்வெண்ணை இருமடங்காக எடுத்துக்கொண்டது மறு வருஷம்தான் தெரிந்தது. வேகத்தைப் பாதியாக்கியதும் ஆண் ஒருவர் நிதானமாகப் பாடுகிறார், பெரும்பாலும் ஸ்காட்டேதான். உங்கள் கருவியிலும் அந்த இசைக்கவைக்கு ஒரு மூலை ஒதுக்குங்கள். இல்லையென்றால் வேண்டுமென்றே விட்டுவிட்டு, ஆயிரம் வருஷம் கழித்துக் கேட்பவர்கள் தாத்தாவைப் பேத்தி என்று நினைக்கட்டும்.