நெடுந்தூரப் பனிச்சறுக்குப் பந்தயத்தைப் படம்பிடிக்க வடசென்னையிலேயே பழகுவது எப்படி?

ஸ்வீடனில் மார்ச் மாத முதல் ஞாயிறன்று நடக்கும் வாசலோப்பெட் பந்தயம் 90 கிலோமீட்டர் நீளமுடையது. முன்னணி வீரர்களை, பனியில் ஓடும் மோட்டார் வண்டியான ஸ்னோமொபைலில் அமர்ந்து ஏறத்தாழ நான்கு மணி நேரம் விடாமல் படம்பிடிப்பதே ஒளிப்பதிவாளரின் வேலை. அதற்கான பயிற்சியின் பெரும்பகுதியைப் பனியே இல்லாத எண்ணூர்ப் பக்கத்தில் முடித்துவிடலாம்.

வெண்மையிலிருந்து தொடங்குங்கள். எதையும் நடுத்தரச் சாம்பலாக்கவே கேமராவின் ஒளிமானி முனைவதால், ஆட்டோ முறையில் விட்டால் பனி அழுக்கேறித் தெரியும். மழைக்காலம் கழிந்ததும், அனுமதி பெற்று, அத்திப்பட்டு உப்பளத்தில் உப்புக் குவியலின் முன்னே ஒருவரை நடக்கவிட்டு, எக்ஸ்போஷரை ஒரு ஸ்டாப்பிலிருந்து (ஒரு ஸ்டாப் என்பது ஒளியின் அளவை இரட்டிப்பாக்கும் படி) இரண்டு வரை படிப்படியாக உயர்த்தி, எந்த இடத்தில் வெண்மையின் நுணுக்கம் அழிகிறது என்பதைக் கேமராவின் ஒளி அளவைக் காட்டும் வரைபடமான ஹிஸ்டோகிராமில் குறித்துக்கொள்ளுங்கள். வெயில் சாயும் நேரத்துப் பக்கவாட்டு ஒளியில்தான் உப்பின் பரல் எழும்பித் தெரியும், பனித்தடமும் அப்படித்தான். திரும்பியவுடன் கேமராவைத் துடைத்துவிடுங்கள், உப்பு உலோகத்தை விட்டுவைக்காது.

குளிருக்குப் பழக, தெரிந்தவர் வழியாக உறைமீன் குளிர்கிடங்கு ஒன்றில் அனுமதி கேளுங்கள். அங்கே நிலவும் -18 டிகிரி செல்சியஸில் பேட்டரி எவ்வளவு விரைவில் சோர்கிறது என்பது தெரியும். மாற்றுப் பேட்டரியைச் சட்டைக்குள் உடலோடு ஒட்டி வைத்திருந்து, கையுறையைக் கழற்றாமல் மாற்றப் பழகுங்கள். ஏசி அறையிலிருந்து தெருவுக்கு வந்தால் இங்கே லென்ஸ் வியர்க்கிறது. பனிநாட்டிலோ வெளியிலிருந்து அறைக்குள் நுழையும்போது வியர்க்கும். ஆகவே உள்ளே வருமுன் கேமராவைக் காற்றுப்புகாத பையில் இட்டு, அது அறைச்சூட்டுக்கு வரும்வரை திறக்காதீர்கள்.

ஓட்டத்தைப் பின்தொடர்வதே கடினமான பகுதி. வாசலோப்பெட்டின் முன்னணி வேகம் மணிக்கு இருபது கிலோமீட்டருக்கு மேல் என்பதால், ஓடுபவரைவிடச் சைக்கிள்காரரே உங்களுக்குப் பொருத்தமானவர். கண்டெய்னர் லாரிகள் ஓடும் எண்ணூர் விரைவுச் சாலையைத் தவிர்த்து, ஞாயிறு விடியலில் ஆளரவமற்ற உட்சாலை ஒன்றில், குட்டி யானையின் பின்தட்டில் பெல்ட்டால் உங்களைக் கட்டிக்கொண்டு, பின்னே வரும் சைக்கிள் குழுவைப் படமெடுங்கள். இன்றைய முன்னணி வீரர்கள் பெரும்பாலும் இரு கோல்களையும் ஒருசேர ஊன்றி, இடுப்பை மடக்கியே முன்னேறுகிறார்கள். கோலின் முனை வெட்டுப்படாத அளவுக்குச் சட்டகத்தில் இடம் விடுவது அவசியம். முதலில் வருபவரையே பார்த்துக்கொண்டிருப்பது பலரிடமும் காணும் பழக்கம். என் கருத்தில், மூன்றாவது, நான்காவது ஆள் தடம் மாறும் கணத்தை முன்கூட்டியே உணர்பவரே இத்தொழிலில் நிலைப்பார்.

வேலை கேட்கும்போது இசை சேர்த்து வெட்டி ஒட்டிய காட்சித் தொகுப்பை அனுப்ப வேண்டாம். வெட்டே இல்லாத பத்து நிமிடத் தொடர்காட்சி ஒன்று போதும். வெளிநாட்டு விசாவுக்கு அலையுமுன், காஷ்மீரின் குல்மார்க்கில் நடக்கும் கேலோ இந்தியா குளிர்கால விளையாட்டுகளில் நார்டிக் எனப்படும் நெடுந்தூரப் பனிச்சறுக்குப் போட்டியைப் படமெடுக்க முயலுங்கள்.